எடுத்ததைத் திரும்பப் போடாத கணக்கு

தீப்பெட்டியிலிருந்து எடுத்து உரசிய குச்சியை மறுபடியும் பெட்டிக்குள் போடுகிறவர் எங்கள் கரிசல் சீமையில் எவரும் இல்லை. விளாத்திகுளம் வட்டத்துப் புதூரில் ஆனாலும் சரி, தீப்பெட்டித் தொழிலால் பெயர் பெற்ற கோவில்பட்டியில் ஆனாலும் சரி, ஒரு குச்சி வெளியே வந்துவிட்டால் பெட்டியில் ஒன்று குறைந்தது குறைந்ததுதான். அடுத்த முறை விரல் உள்ளே போகும்போது அது துழாவுவது ஒன்று குறைந்த வேறொரு பெட்டியை. இந்தச் சிறிய உண்மையை மனத்தில் இருத்திக்கொண்டவருக்கு இந்த அத்தியாயத்தில் கற்க வேண்டியது அதிகம் இல்லை. இதை மறந்துவிட்டவருக்கோ எத்தனை சூத்திரங்களை மனப்பாடம் செய்தாலும் விடை தவறிக்கொண்டே இருக்கும்.

நாணயத்தைச் சுண்டும் கணக்கு வேறு ஜாதி. முதல் சுண்டலில் தலை விழுந்ததை இரண்டாம் சுண்டல் அறியாது. குடத்திலிருந்து ஒன்றை எடுத்துத் திரும்பப் போடாமல் அடுத்ததை எடுக்கும்போதோ, முதலில் வந்தது எதுவென்பது இரண்டாவதன் வாய்ப்பை மாற்றிவிடுகிறது. இத்தகையவற்றைச் சார்புடைய நிகழ்ச்சிகள் என்று பாடப்புத்தகம் சொல்லும். தத்துவம் இவ்வளவே, இனிக் காரியத்துக்கு வருவோம்.

வேண்டிய பொருள்கள்

ஒரே நீளமும் ஒரே கனமும் உள்ள, மருந்து முக்காத வெறுங்குச்சிகள் பத்து. கிடைக்காத ஊரில் ஈர்க்குச்சியைச் சமமாக நறுக்கிக்கொள்ளலாம். கை நுழையும் அளவுக்கு வாயும், உள்ளே இருப்பது கண்ணுக்குத் தெரியாத ஆழமும் உள்ள ஒரு மண்கலயம். குச்சிகளில் மூன்றின் நுனியில் தொடுவதற்குக் கொஞ்சம் மை. ஒரு நோட்டு, ஒரு பென்சில்.

எச்சரிக்கை: மருந்து வைத்த தீக்குச்சிகளைக் கொண்டு இந்தப் பரீட்சையைச் செய்யக் கூடாது. பெட்டியின் பக்கத்திலுள்ள சிவப்புப் பாஸ்பரஸின்மேல் உரசினால்தானே பற்றும், கலயத்துக்குள் என்ன ஆகிவிடும் என்று சிலர் தைரியம் சொல்லக்கூடும். குச்சித் தலையிலிருக்கும் பொட்டாசியம் குளோரேட்டோ கடுமையான உராய்வைப் பொறுக்கும் சரக்கு அன்று. பிள்ளைகள் கூடியிருக்கும் வீட்டில் அதைக் குலுக்கி வேடிக்கை பார்ப்பது புத்திசாலித்தனமும் அன்று.

இன்னொரு யோசனை என் அனுபவத்திலிருந்து. முதன்முதலில் நான் இதைப் புளியங்கொட்டைகளைக் கொண்டு செய்தேன். ஒரு பக்கம் வெள்ளை தெரியத் தரையில் தேய்த்த கொட்டை மூன்று, தேய்க்காதவை ஏழு. கணக்குக்கும் கைக்கும் சற்றும் பொருந்தாமல், தேய்த்த கொட்டைகளே அடிக்கடி வந்துகொண்டிருந்தன. நெடுநேரம் கணக்கைத்தான் சந்தேகித்தேன். பிறகுதான், தேய்த்த பக்கத்தின் சொரசொரப்பை விரல் கண்டுகொண்டு, என்னை அறியாமலே அதைத் தேடிப் பிடிக்கிறது என்பது புலப்பட்டது. விரலுக்கு வித்தியாசம் தெரியாத பொருளாக இருக்க வேண்டும். அது கண்ணுக்கு மாத்திரம் தெரிந்தால் போதும்.

செய்யும் முறை

1. கலயத்தில் மொத்தம் எத்தனை, அவற்றில் நீங்கள் விரும்பும் வகை எத்தனை என்று எண்ணி எழுதுங்கள். நம்முடைய கலயத்தில் மொத்தம் 10, மை தொட்டவை 3.

2. கேள்வியை ஒரு வாக்கியமாக, வரிசையோடு எழுதுங்கள். “முதலில் மைக்குச்சி, அடுத்து மைக்குச்சி” என்பது கேள்வி. “இரண்டும் மை” என்று மொட்டையாக எழுதினால் பின்னால் தடுமாற்றம் வரும்.

3. முதல் எடுப்புக்குரிய பின்னத்தை எழுதுங்கள்: 3/10.

4. இப்பொழுது மனத்துக்குள் அந்தக் குச்சியைக் கலயத்திலிருந்து வெளியே எடுத்துவிடுங்கள். கீழ் எண் எப்போதும் ஒன்று குறையும். மேல் எண், வெளியே வந்தது நீங்கள் அடுத்துத் தேடும் வகையாக இருந்தால் மாத்திரமே குறையும். இங்கே மைக்குச்சி வந்துவிட்டபடியால், மீதி 9; அவற்றில் மை 2. ஆகவே இரண்டாம் பின்னம் 2/9.

5. ஒன்றும் நடந்து அதன்பின் மற்றதும் நடக்க வேண்டுமென்றால் பின்னங்களைப் பெருக்குங்கள்: 3/10 × 2/9 = 6/90, அதாவது 1/15.

6. ஒரே முடிவுக்கு வரும் வழிகள் பல இருந்தால், ஒவ்வொரு வழியையும் தனித்தனியே பெருக்கி, பிறகு கூட்டுங்கள்.

7. எல்லா வழிகளையும் எழுதிக் கூட்டினால் 1 வருகிறதா என்று பாருங்கள். வராவிட்டால் பெரும்பாலும் நான்காம் படியில்தான் பிழை இருக்கும். முதலில் அங்கே தேடுங்கள்.

மூன்றாவது குச்சி, நான்காவது குச்சி என்று எத்தனை எடுத்தாலும் நான்காம் படியைத் திரும்பத் திரும்பச் செய்வதே வேலை. ஒவ்வொரு எடுப்புக்கு முன்னும் கலயத்தைப் புதிதாக எண்ணுகிறவன் தவறமாட்டான்.

நம்முடைய கலயத்தின் நான்கு வழிகளும் இவை:

மை, மை: 3/10 × 2/9 = 6/90
மை, வெறும்: 3/10 × 7/9 = 21/90
வெறும், மை: 7/10 × 3/9 = 21/90
வெறும், வெறும்: 7/10 × 6/9 = 42/90

கூட்டிப் பாருங்கள், 90/90. பின்னங்களை இடையில் சுருக்காமல் 90 என்ற கீழ் எண்ணையே வைத்துக்கொண்டதால் இந்தச் சரிபார்ப்பு எளிதாயிற்று. சுருக்குவதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். பள்ளிக்கூடத்தில் உடனுக்குடன் சுருக்கிப் பழகிய கை இதற்கு இடங்கொடாது என்றாலும், பழக்கத்தை மாற்றிக்கொள்வது பிரயோசனமானது.

தவறும் இடங்கள்

அதிகமாகக் காணும் பிழை, 3/10 × 3/10 என்று எழுதிவிடுவது. குச்சியைத் திரும்பப் போட்டுவிட்டுக் கணக்கைப் பார்த்தது போல அது. அதற்கு அடுத்தது, பாதி நினைவு வந்து 3/10 × 3/9 என்று கீழ் எண்ணை மட்டும் குறைப்பது. வெளியே போனதும் ஒரு மைக்குச்சிதானே என்று கேட்டால் உடனே திருத்திக்கொள்வார்கள்.

“ஒன்று மை, ஒன்று வெறும்” என்று கேட்டால் 21/90 என்று சொல்லி நின்றுவிடுவது இன்னொன்று. வரிசையைப் பற்றிக் கேள்வி ஒன்றும் சொல்லாதபோது இரண்டு வரிசைகளும் சேர்த்திதான், விடை 42/90. இரண்டு குச்சிகளையும் ஒன்றன்பின் ஒன்றாக எடுக்காமல் ஒரே பிடியில் எடுத்தால் கணக்கு மாறுமா என்று கேட்பவர்கள் உண்டு. மாறாது. ஒரே பிடியில் வந்த இரண்டில் ஒன்றை முதலாவது என்று மனத்தில் பெயரிட்டுக்கொண்டு இதே படிகளைச் செய்யலாம்.

குலுக்கல் சீட்டும் ஒரு மதினியின் கேள்வியும்

மேற்சொன்ன பிழைகள் எல்லாம் கவனக் குறைவால் வருபவை. இனிச் சொல்லப்போவது கவனமுள்ளவர்களையே மயக்குவது. ஆதலால் இதில் சற்று நேரம் தங்குவோம்.

இருபது பேர் கூடிப் போடும் ஒரு குலுக்கல் சீட்டை எடுத்துக்கொள்ளுங்கள். மாதம் ஒரு முறை பெயர்களைத் துண்டுக் காகிதங்களில் எழுதிச் சுருட்டிச் சொம்பில் போட்டுக் குலுக்கி, சின்னப் பிள்ளை ஒன்றை விட்டு எடுக்கச் சொல்கிறார்கள். பெயர் வந்தவருக்கு அந்த மாதத்துப் பணம்; அவருடைய பெயர் அடுத்த மாதம் சொம்பில் விழாது. எடுத்ததைத் திரும்பப் போடாத கணக்குக்கு இதைவிடத் தெளிவான உதாரணம் எங்கள் பக்கத்து வீடுகளில் வேறு இல்லை.

உங்களுக்குச் சரியாக மூன்றாம் மாதம் விழ என்ன வாய்ப்பு? முதல் மாதம் விழக் கூடாது: 19/20. இரண்டாம் மாதமும் விழக் கூடாது: 18/19. மூன்றாம் மாதம் விழ வேண்டும்: 1/18. பெருக்கினால் 19-உம் 18-உம் மேலும் கீழுமாக அடிபட்டுப்போய் 1/20 மிஞ்சுகிறது. ஏழாம் மாதத்துக்குச் செய்து பாருங்கள், இருபதாம் மாதத்துக்குச் செய்து பாருங்கள், அதே 1/20. முந்தி எடுக்கும் மாதத்துக்கு விசேஷமும் இல்லை, பிந்தி எடுக்கும் மாதத்துக்குக் குறைவும் இல்லை.

இதை ஒரு நாள் திண்ணையில் விளக்கிக்கொண்டிருந்தபோது, உறவு முறையில் எல்லாரும் மதினி என்றழைக்கும் ஓர் அம்மாள் இடைமறித்தார். “ஏன் அண்ணாச்சி, ரெண்டு மாசம் எனக்கு விழலைன்னா மூணாம் மாசம் சொம்புக்குள்ள பதினெட்டுச் சீட்டுதான கெடக்கும்? அப்ப பதினெட்டுல ஒண்ணுதான? நீங்க இருபதுல ஒண்ணுங்கீக!”

கேள்வி நியாயமானது; மதினி சொன்னதும் சரி, நான் சொன்னதும் சரி. சீட்டுத் தொடங்குவதற்கு முன், யாருக்கு எப்போது விழும் என்று ஒன்றும் தெரியாத நிலையில், மூன்றாம் மாதத்துக்குரிய வாய்ப்பு 1/20. இரண்டு மாதம் கழிந்து, தமக்கு விழவில்லை என்று கண்ணால் கண்டபிறகு அதே மூன்றாம் மாதத்துக்குரிய வாய்ப்பு 1/18. கேட்கும் நேரம் வேறு, தெரிந்த செய்தி வேறு; அதனால் விடையும் வேறு. எனவே கணக்கைத் தொடங்குமுன் ஒரு கேள்வியை உங்களையே கேட்டுக்கொள்ளுங்கள்: இந்த க்ஷணத்தில் எனக்கு என்ன தெரியும்? முன்னால் வெளிவந்தது என்ன என்று தெரிந்தால் கலயத்திலிருந்து அதைக் கழித்துவிட்டு எண்ண வேண்டும். தெரியாவிட்டால் எல்லா வழிகளையும் கூட்ட வேண்டும்.

நம்முடைய குச்சிக் கலயத்திலேயே இதைப் பார்க்கலாம். முதல் குச்சியைப் பாராமலே சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, இரண்டாம் குச்சி மையாக இருக்க என்ன வாய்ப்பு என்று கேட்டால், மேலேயுள்ள நான்கு வழிகளில் முதலாவதையும் மூன்றாவதையும் கூட்டுங்கள்: 6/90 + 21/90 = 27/90 = 3/10. முதல் குச்சிக்கு என்ன வாய்ப்போ அதேதான். பையிலிருந்து முதல் குச்சியை எடுத்துப் பார்த்த மாத்திரத்தில் அது 2/9 ஆகவோ 3/9 ஆகவோ மாறிவிடும். கலயத்தைத் தொடாமலே கணக்கு மாறுவது பலருக்கு மாயம் போலத் தோன்றுகிறது. மாறியது நமது அறிவு, குச்சிகள் அல்ல.

ஒரே வீட்டிலிருந்து மாமியார், மருமகள் இருவரும் இந்தச் சீட்டில் சேர்ந்திருக்கிறார்கள். முதல் நான்கு மாதங்களுக்குள் இருவருக்குமே விழ வாய்ப்பு என்ன? இருபது மாதங்களை இருபது இடங்களாகக் கருதுங்கள். மாமியார் முதல் நான்கில் ஓர் இடத்தில் அமர 4/20. அந்த இடம் போனபின் மருமகளுக்கு மீதி 19-இல் 3. பெருக்கினால் 12/380, அதாவது 3/95. நூற்றுக்கு மூன்றுக்குச் சற்று மேல். இதை நம்பிக் கல்யாணச் செலவுக்கு நாள் குறிக்க வேண்டாம்.

சீட்டில் சேர்வோருக்கு மூன்று எச்சரிக்கைகள்: குலுக்குமுன் மீதியுள்ள பெயர்கள் அனைத்தும் உள்ளே இருக்கின்றனவா என்று எல்லார் முன்னும் எண்ண வேண்டும். எல்லாத் துண்டுகளும் ஒரே அளவாய், ஒரே மாதிரி சுருட்டியிருக்க வேண்டும். சீட்டு 1982-ஆம் ஆண்டுச் சிட்பண்டு சட்டத்தின்படி பதிவு பெற்றதா என்று கேட்டுத் தெரிந்துகொண்டே பணம் கட்ட வேண்டும். நிகழ்தகவு எவ்வளவு சரியாக இருந்தாலும், சீட்டு நடத்துகிறவர் ஊரை விட்டுப் போய்விட்டால் அது கைகொடாது.

“குறைந்தது ஒன்று” என்று கேட்டால்

இரவில் மின்சாரம் போய்விட்டது. பெட்டியில் பத்துக் குச்சிகள்; அவற்றில் மூன்றில் மருந்து உதிர்ந்திருக்கிறது. இருட்டில் இரண்டு குச்சிகளை எடுத்தால், ஒன்றாவது பற்ற வாய்ப்பு என்ன? நல்ல குச்சி தவறாமல் பற்றும் என்று வைத்துக்கொள்வோம். ஐப்பசி மழையில் நமுத்துப்போன பெட்டிக்கு இந்தக் கணக்குப் பொறுப்பேற்காது.

1. கேள்வியைத் திருப்பிப் போடுங்கள்: ஒன்றுமே பற்றாமல் போக வாய்ப்பு என்ன?
2. 3/10 × 2/9 = 1/15.
3. அதை 1-இலிருந்து கழியுங்கள்: 14/15.

நேராகச் செய்தால் மூன்று வழிகளைக் கூட்ட வேண்டும். நான்கு குச்சி எடுத்தால் வழிகள் பெருகிக்கொண்டே போகும். “குறைந்தது ஒன்று” என்ற சொல்லைக் கண்டவுடன் திருப்பிப் போடுவதே சிரமக் குறைவு.

எப்போது கவலைப்பட வேண்டாம்

கலயம் மிகப் பெரிதாயும் எடுப்பது மிகக் குறைவாயும் இருந்தால், திரும்பப் போட்டாலும் போடாவிட்டாலும் விடை ஏறத்தாழ ஒன்றே. மானாவாரி விதைப்புக்கு வாங்கி வைத்த உளுந்தில் 10,000 விதைகள், அவற்றில் 1,000 சொத்தை என்றால், எடுக்கும் இரண்டும் சொத்தையாக இருக்க 1000/10000 × 999/9999, இது 0.00999. திரும்பப் போட்டதாகப் பாவித்தால் 0.01. இந்தப் பேதத்துக்காக எந்த விவசாயியும் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ள வேண்டியதில்லை. விதைப் பரிசோதனைச் சாலையில் முளைப்புத் திறன் பார்க்க 100 வீதம் நான்கு கூறாக 400 விதைகள் எடுப்பது வழக்கம். பல லட்சம் விதைகள் உள்ள குவியலுக்கு அது கடுகளவு. எடுப்பது மொத்தத்தில் இருபதில் ஒரு பங்குக்கும் குறைவானால் எளிய கணக்கே போதும் என்பது கைப்பழக்கத்துக்கு உகந்த விதி.

கலயம் சிறிதானால் பேதம் பெரிது. அதைப் பிரத்தியட்சமாகக் காண விரும்புவோர், இரண்டு மைக்குச்சியும் இரண்டு வெறுங்குச்சியுமாக நான்கை மட்டும் கலயத்தில் போட்டு, இரண்டிரண்டாக 120 முறை எடுத்து, ஒவ்வொரு முறையும் நான்கையும் மறுபடி சேர்த்துக் குலுக்கித் தொடருங்கள். இரண்டும் மையாக வர 2/4 × 1/3 = 1/6; ஆக உத்தேசமாக 20 முறை. ஒவ்வொரு குச்சியையும் உடனே திரும்பப் போட்டுச் செய்தால் 1/4. உத்தேசமாக 30 முறை. 17 வந்தாலும் 24 வந்தாலும் கணக்குப் பொய்த்ததாக எண்ணிவிட வேண்டாம். பத்துக் குச்சிக் கலயத்தில் நூறு முறை எடுத்து இந்தப் பேதத்தைக் காண முயல்வது வீண் உழைப்பு. அங்கே 1/15-க்கும் 9/100-க்கும் உள்ள இடைவெளி, தற்செயலான ஏற்றத் தாழ்வுக்குள் மறைந்துபோகும்.

குடத்தைப் பிடிக்கும் ஒழுங்கு

எவ்வளவு சரியாகப் பெருக்கினாலும், குலுக்கல் நேர்மையாக இல்லாவிட்டால் பின்னங்கள் அனைத்தும் பொய். இந்த விஷயத்தில் நமக்கு ஆயிரம் ஆண்டுக்கு முந்திய ஆசிரியர்கள் உண்டு. முதலாம் பராந்தக சோழன் காலத்தில், 919-இலும் 921-இலும் உத்திரமேரூரில் பொறித்த கல்வெட்டுகள் ஊர்ச் சபையின் வாரியங்களுக்கு, அதாவது குழுக்களுக்கு, ஆள் தேர்ந்தெடுத்த குடவோலை முறையை அங்குலம் அங்குலமாக விவரிக்கின்றன. ஊர் குடும்புகள் என்னும் முப்பது பகுதிகளாகப் பிரிந்திருந்தது. ஒவ்வொரு குடும்பிலும் தகுதியுள்ளவர் பெயர்களை ஓலையில் எழுதிக் கட்டாகக் கட்டிக் குடத்தில் இட்டார்கள். கோயில் பூசகர்களான நம்பிமாரில் மூத்தவர் சபையார் எல்லாரும் காணக் குடத்தை உயர்த்திப் பிடிக்க, உள்ளிருப்பது இன்னதென்று அறியாத ஒரு சிறுவன் ஒரு கட்டை எடுக்க, அதை வேறு குடத்தில் அவிழ்த்துப் போட்டுக் குலைத்து, அவனே ஓர் ஓலையை எடுத்து மத்தியஸ்தனிடம் கொடுத்தான். மத்தியஸ்தன் ஐந்து விரலும் அகல விரித்த உள்ளங்கையில் அதை ஏற்று வாசித்தான். விரல்களை ஏன் விரிக்க வேண்டும் என்று விளக்க அவசியமே இல்லை. மடித்த விரல்களுக்குள் இன்னோர் ஓலை ஒளிந்திருக்கலாம்.

திரும்பப் போடாத விதியும் அங்கே உண்டு. பொன் வாரியத்துக்கும் பஞ்சவார வாரியத்துக்கும் ஆறு ஆறாகப் பன்னிருவர் வேண்டும். மறு ஆண்டு எடுக்கும்போது, முன்பு இடம்பெற்ற குடும்புகளை நீக்கி மற்றவற்றிலிருந்தே எடுக்க வேண்டும். குடும்புக்கு ஒருவராக, எல்லாக் குடும்புக்கும் சம வாய்ப்பு என்று வைத்துக்கொண்டால், முதல் ஆண்டில் ஒரு குடும்புக்கு இடம் கிடைக்க 12/30. கிடைக்காமல் போனதென்றால் மறு ஆண்டு மீதி 18 குடும்புகளில் 12, அதாவது 2/3. இரண்டு ஆண்டும் கிடைக்காமல் போக 18/30 × 6/18 = 1/5. சென்ற முறை விடுபட்டவருக்கு இந்த முறை கை ஓங்குகிறது.

நீங்களே செய்து பார்க்க

1. ஒரு டப்பாவில் கோவில்பட்டிக் கடலைமிட்டாய் 8 துண்டும் எள் மிட்டாய் 4 துண்டும் ஒரே அளவில், ஒரே மாதிரிக் காகிதத்தில் சுற்றி இருக்கின்றன. மூன்று எடுத்தால் மூன்றும் கடலைமிட்டாயாக இருக்க வாய்ப்பு என்ன? ஓர் எள் மிட்டாயாவது வர?

2. 40 குச்சிகள் உள்ள பெட்டியில் 4 மருந்தில்லாதவை. எடுக்கும் இரண்டில் ஒன்று நல்லதும் ஒன்று மருந்தில்லாததுமாக இருக்க?

3. மேலே சொன்ன இருபது பேர் சீட்டில், மாமியார், மருமகள் இருவரில் ஒருவருக்காவது முதல் நான்கு மாதத்துக்குள் விழ?

விடைகள்: முதலாவதற்கு 8/12 × 7/11 × 6/10 = 14/55; எள் மிட்டாய்க்கு 41/55. இரண்டாவதற்கு இரண்டு வரிசைகளையும் கூட்ட 288/1560, அதாவது 12/65. 144/1560 என்று வந்திருந்தால் ஒரு வரிசையை மறந்துவிட்டீர்கள். மூன்றாவதைத் திருப்பிப் போட்டுச் செய்யுங்கள்: 1 − (16/20 × 15/19) = 7/19.